ஜப்பான் காரும் அம்மணி அக்காவும்

என் அக்கா புருஷன் கோதண்டம் மாமா கெட்டவர் இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் போகப் போக நான் அவரைத் திட்டப் போகிறேன், கேட்கிறவர்கள் தப்பாக நினைத்துக்கொள்ளக் கூடாது. குடிக்க மாட்டார். அக்கா மேல் ஒரு நாளும் கை வைத்ததில்லை. அவர் வலைக்கு இறால் வருகிற மாதிரி எங்கள் குப்பத்தில் வேறு யார் வலைக்கும் வராது. அவருக்கு இருந்த ஒரே கிறுக்கு ஒரு கார். எல்லாம் அதனால் வந்த வினைதான்.

எங்கள் குப்பம் ஆரம்பாக்கத்துக்குக் கிழக்கே, பழவேற்காட்டு ஏரியை ஒட்டி இருக்கிறது. எழுபதுகளில் இறாலுக்குத் திடீரென்று கிராக்கி வந்தது. நாங்கள் சந்தையில் கூறு கட்டி விற்று, மீந்ததை மணலில் காயப்போட்ட சரக்கை ஜப்பான்காரன் கப்பல் வைத்து வாங்கித் தின்கிறான் என்றார்கள். நாங்கள் நம்பவில்லை. அமீர் ஜான் பாய் ஆரம்பாக்கத்தில் கொட்டகை போட்டு, ஐஸ் பெட்டிகளை அடுக்கி வைத்துக்கொண்டு, எவ்வளவு இறால் கொண்டுபோனாலும் எடுத்துக்கொள்வேன் என்றபோதுதான் நம்பினோம். பாய் பழவேற்காட்டில் பழைய வியாபாரக் குடும்பம். மாமாவுக்கும் அவருக்கும் ஒரே வயது, ஒரே மாதிரி சிரிப்பு. கொட்டகையில் சரக்கு போட வந்த மாமா அங்கேயே உட்கார்ந்துவிடுவார். அக்கா ஆள் அனுப்பிக் கூப்பிட வேண்டியிருக்கும்.

அந்த இறாலைப் பார்த்து வாங்க மெட்ராஸ் கம்பெனியில் ஒரு ஜப்பான்காரர் இருந்தார். ஒரு நாள் அவரே கொட்டகைக்கு வந்து இறங்கினார். வந்தது ஒரு சிவப்பு ஹோண்டா கார். இரண்டே பேர் உட்காரலாம். மேலே துணிக் கூரை, அதையும் மடித்துப் பின்னால் தள்ளிவிட்டால் வானம்தான் கூரை. கதவுக்கு மேல் கையை நீட்டினால் தரையைத் தொட்டுவிடலாம் போல அவ்வளவு தாழ்வு. திரும்பிப் போகும்போது பின் சக்கரம் ஈர மணலில் புதைந்துகொண்டது. நாலு பேர் பின்னால் பிடித்துத் தூக்கினார்கள், வெளியே வந்துவிட்டது. அம்பாசிடரை அப்படித் தூக்கிவிட முடியுமா? தூக்கின நாலு பேரில் மாமா ஒருவர். நன்றிக்காக அந்த ஜப்பான்காரர் அவரைப் பக்கத்தில் உட்காரவைத்து நெடுஞ்சாலை வரை ஓட்டிக் கூட்டிப்போய்த் திரும்பக் கொண்டுவந்து விட்டார்.

அன்று மாமா வீட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டே உட்கார்ந்திருந்தார்.

"இன்னாயா, உடம்பு செரியில்லியா?" என்றாள் அக்கா.

"அம்மணி, அது காரு இல்லமே. நம்ம படகுல பின்னாடி நின்னுகினு கழி ஊனித் தள்றோம் பாரு, அந்த மாரி. பின் சக்கரம் தள்ளுது, முன் சக்கரம் திரும்பறதோட செரி. அம்பாசிடரும் பின்னாடிதான் தள்ளுதாம், ஆனா அது எருமை, ஒண்ணும் தெரியாது. இது லேசு. தள்றது முதுகுல தெரியுது."

"சோத்தத் துண்ணு," என்றாள் அக்கா. ஆனால் அவள் கண்ணும் கொஞ்சம் விரிந்தது. நான் அங்கேதான் இருந்தேன், பார்த்தேன்.

ஜப்பான்காரர் ஊர் திரும்பியபோது கார் சர்க்கார் வழியாக ஏலத்துக்கு வந்தது. இரண்டு பேர் மட்டும் உட்காருகிற காரை எந்தக் குடும்பஸ்தன் வாங்குவான்? பாயும் மாமாவும் கூட்டாக வாங்கினார்கள். அக்கா தன் கழுத்துச் சங்கிலியைக் கழற்றிக் கொடுத்தாள். கொடுக்கும்போது ஒன்று கேட்டாள். "என்னிய எப்ப ஏத்திக்கினு போவ?"

"வண்டி வந்ததும் மொதல்ல நீதான்," என்றார் மாமா.

கூட்டாக வாங்கியதை எப்படிப் பங்கு போடுவது? எங்கள் ஆட்களுக்குத் தெரிந்த ஒரே வழி பாடு. ஏரியில் இறால் விழுகிற இடங்கள் கொஞ்சம்தான். எல்லோரும் ஒரே நாளில் வலை கட்டினால் அடிதடிதான் மிஞ்சும். அதனால் ஊர் கூடிக் குலுக்கிப் போட்டு, இன்றைக்கு இந்த இடம் இன்னாருக்கு என்று முறை வைப்பார்கள். முறை வந்தவனுடைய நாளில் அந்தத் தண்ணீர் அவனுடையது. அவன் வலை போடாமல் படுத்துத் தூங்கினாலும் வேறொருவன் அதில் கை வைக்கக் கூடாது, தண்ணீர் சும்மா கிடக்க வேண்டியதுதான். அவன் செத்துப்போனால் முறை அவன் பெண்சாதிக்குப் போகும். இதுதான் பாடு. ஊர்த் தலைவரான நாட்டார் பச்சைமுத்து, "காரு இன்னா ஏரியாடா?" என்று சிரித்தார். சிரித்துக்கொண்டே குலுக்கியும் போட்டார். ஒரு நாள் மாமாவுக்கு, மறுநாள் பாய்க்கு என்று ஊர் அறிய முடிவானது. பாய் எங்கள் ஜாதியோ மதமோ இல்லை. ஆனால் பாடு முறைக்குக் கட்டுப்படுவேன் என்று ஊர் முன்னால் அவர் கொடுத்த வாக்கை எங்கள் ஆட்களைவிட ஒரு படி மேலாகவே காப்பாற்றினார். அதுவே பிறகு வம்பாயிற்று.

மாமாவின் நாளில் மாமா ஓட்டுவார், பாய் பக்கத்தில் இருப்பார். பாயின் நாளில் பாய் ஓட்டுவார், மாமா பக்கத்தில் இருப்பார். அந்த இன்னொரு இருக்கை காலியாகவே இல்லை. கோடையில் ஏரி பின்வாங்கி, மேற்குக் கரையோரம் தரை வெளுத்து இறுகிக் கிடக்கும். அங்கே கொண்டுபோய் இரண்டு பேரும் ஓட்டுவார்கள். திருப்பத்தில் பின்பக்கம் வழுக்கிக்கொண்டு போகும், கார் பாதி சுற்றி நிற்கும், இரண்டு ஆம்பிளைகளும் பைத்தியம் மாதிரி கத்துவார்கள். சோழவரத்தில் கார்ப் பந்தயம் பார்க்கப் போனால், அங்கே வந்த ஜனம் பந்தயக் காரை விட்டுவிட்டு இதைச் சுற்றி நின்றது என்று வந்து பீற்றிக்கொள்வார்கள். அக்கா கேட்பாள். "அடுத்த முறைக்கு" என்பார் மாமா. அடுத்த முறை வரும். பாய் வந்து பக்கத்தில் உட்கார்ந்திருப்பார்.

காரை உப்பு தின்றுவிடும் என்று மாமாவுக்கு ஓயாத பயம். ஏரித் தண்ணீர் ஒரு சொட்டுப் படக் கூடாது. நல்ல தண்ணீரில்தான் கழுவ வேண்டும். எங்கள் ஊரில் நல்ல தண்ணீர் என்பது, மணலில் ஊற்றுத் தோண்டி, ஊறும் வரை குந்தியிருந்து, கொட்டாங்கச்சியால் மொண்டு குடத்தில் ஊற்றிச் சுமந்து வருவது. அக்கா சுமந்து வந்த தண்ணீர் கார் மேல் வழிந்து மணலுக்குப் போனது. அதற்குக்கூட அவள் ஒன்றும் சொன்னதில்லை. எப்படியும் ஒரு நாள் ஏறப் போகிற வண்டிதானே என்று இருந்துவிட்டாள்.

அப்புறம் அந்த நாள் வந்தது. நானும் அக்காவும் ஆரம்பாக்கத்தில் மீன் விற்றுவிட்டு உச்சி வெயிலில் கூடையோடு திரும்பிக்கொண்டிருந்தோம். மணல் சுட்டது. பின்னாலிருந்து கார் வந்து பக்கத்தில் நின்றது. டீக்கடைக்கு எதிரே, நாலு பேர் பார்க்க. பாய்க்கு மனசு கேட்கவில்லை. கதவைத் திறந்து பாதி எழுந்துவிட்டார். "நான் எறங்கிக்கறேன் கோதண்டம். அம்மணித் தங்கச்சிய ஏத்திக்கினு போ."

மாமா சிரித்தார். "கூடையோட ஏறினா சீட்டு நாறிடும் பாய். அது நடந்து வரும், நீ குந்து."

டீக்கடையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். பாய் உட்கார்ந்துவிட்டார். கார் போய்விட்டது.

வேடிக்கைக்குச் சொன்னதுதான், எனக்கும் தெரியும். ஆனால் சொன்னவர் யார்? விடிந்தால் இடுப்பளவு சேற்றில் நின்று இறால் பிடிக்கிறவர். அந்தக் காரை ஓட்டும்போது அவர் கட்டியிருந்த லுங்கியை மோந்து பார்த்தால் தெரியும் எது நாறுகிறது என்று. நான் வழியெல்லாம் கத்திக்கொண்டு வந்தேன். அக்கா கூடையை இடுப்பு மாற்றிக்கொண்டு நடந்தாள். அன்றிலிருந்து அவள் கேட்பதை நிறுத்திவிட்டாள். தண்ணீர் சுமப்பதையும் நிறுத்தினாள். காருக்குத் தகர டப்பா என்று பெயர் வைத்தாள். "உன் தகர டப்பாவ ஓரமா நிறுத்துயா, அடுப்பு ஊத எடமில்ல" என்பாள். மாமாவுக்கு முகம் சுருங்கும். அவளுக்கு அது போதுமாக இருந்தது.

எண்பதாம் வருஷம் மாமாவுக்கு மஞ்சள் காமாலை வந்தது. கீழாநெல்லி, பத்தியம், பொன்னேரி ஆஸ்பத்திரி எல்லாம் பார்த்தோம். படுக்கையில் கிடந்தபடி அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார். "எழுந்ததும் உன்னத்தான் மொதல்ல ஏத்திக்கினு போவேன். கடலு வரைக்கும்."

"மொதல்ல நீ எழுந்திரு," என்றாள் அக்கா. அவர் எழவில்லை.

கருமாதி முடிந்த மறுநாள் காலையில் அக்கா வீட்டு வாசலில் கார் சத்தம் கேட்டது. பாய் காரைக் கொண்டுவந்து நிறுத்தி, சாவியைத் திண்ணையில் வைத்துவிட்டு, தலையைக் குனிந்துகொண்டு நின்றார். "கோதண்டம் மொற இன்னிக்கி. இனிமே அது உன் மொற, தங்கச்சி."

"எனக்கு எதுக்கு பாய் இது? நீயே ஓட்டிக்க."

"வாக்கு குடுத்துக்கீறேன்," என்று சொல்லிவிட்டு வந்த வழியே நடந்து போனார். சாயங்காலம் வந்து எடுத்துப்போனார். ஒரு நாள் விட்டு ஒரு நாள், மழையோ வெயிலோ, அப்படியே நடந்தது. அவருக்கு எவ்வளவு அவசரமானாலும் அக்காவின் நாளில் அதைத் தொட மாட்டார், பஸ்ஸில்தான் போவார். அவர் ஓட்டி அக்காவை ஏற்றிப் போக முடியுமா? தாலி அறுத்தவளை அடுத்த வீட்டு ஆம்பிளை காரில் ஏற்றிக்கொண்டு போனால் எங்கள் ஊர் என்ன பேசும் என்று இரண்டு பேருக்கும் தெரியும். அக்காவும் கேட்கவில்லை, அவரும் அழைக்கவில்லை. முறைக்காரன் வலை போடாத ஏரித் தண்ணீர் மாதிரி அந்தக் கார் நாள் முழுக்க அவள் வாசலில் சும்மா கிடக்கும்.

சும்மா என்றும் சொல்ல முடியாது. அக்கா அதன் மூக்கின் மேல் கருவாடு காயப்போட்டாள். சூடான தகரம், சீக்கிரம் காய்ந்தது. கதவுக் கைப்பிடியில் ஆட்டைக் கட்டினாள். "இப்ப நாறட்டும்" என்று ஒரு தரம் என்னிடம் சொல்லிச் சிரித்தாள். அது சிரிப்பே இல்லை. பாய் மறுநாள் நல்ல தண்ணீர் வாங்கிக் கழுவிக்கொள்வார். இப்படியே வருஷங்கள் ஓடின.

அப்புறம் சுப்பராயலு வந்தான். மெட்ராசில் கார் பட்டறை வைத்திருக்கிற ஆள். என்றைக்கோ சோழவரத்தில் இந்தக் காரைப் பார்த்திருக்கிறான். அன்றிலிருந்து அது மனசை விட்டுப் போகவில்லையாம், எங்கெங்கோ விசாரித்து ஆரம்பாக்கம் வந்து சேர்ந்திருக்கிறான். பாய் அவனை அக்கா வீட்டுக்குக் கூட்டிவந்தபோது கார் மேல் காரப்பொடி மீன் காய்ந்துகொண்டிருந்தது. அவன் அதைப் பார்த்த பார்வையில் கண்ணீர் வந்துவிடும் போலிருந்தது. குனிந்து சக்கரத்தைத் தொட்டான். கதவடியில் உப்பு அரித்த ஓட்டையில் விரலை விட்டுப் பார்த்தான். "செரி பண்ணிடலாம்மா," என்றான், அக்கா ஏதோ கவலைப்பட்டவள் மாதிரி. "என்னிக்கானாலும் இதுக்கு ஈடு வேற வராது."

"எடுத்துனு போப்பா. வாசலாவது காலியாவும்," என்றாள் அக்கா.

அன்றே பேசி முடித்தார்கள். இரண்டு நாளில் வண்டி எடுத்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டுச் சுப்பராயலு போனான். அவன் போன பிறகு அக்கா பாயைக் கூப்பிட்டாள்.

"பாய், நாளைக்கி உன் மொறதானே? என்னிய ஒரு தரம் ஏத்திக்கினு போ."

பாய் என்னைப் பார்த்தார். நான் அக்காவைப் பார்த்தேன்.

"என் வூட்டுக்காரரு அதும்மேல உசுரா கெடந்தாரு, நீ நாயா நடக்கற, அவன் மெட்ராஸ்லருந்து ஓடியாரான். இத்தினி பேரு சாவறீங்களே, அப்பிடி இன்னாதான் கீது அதுலன்னு பாக்கணும். ஒண்ணும் இல்லன்னு தெரிஞ்சிட்டா நிம்மதியா குடுத்துடுவேன்."

ஒன்றும் இருக்கக் கூடாது என்பதுதான் அவளுக்கு வேண்டியிருந்தது. எனக்குப் புரிந்தது. ஒன்றுமில்லாத தகர டப்பாவுக்காக என்னை விட்டாயே, நீ முட்டாள் என்று செத்தவரைப் பார்த்துச் சொல்லிவிட்டு, அந்தக் கணக்கை மூடிவிட நினைத்தாள்.

பாய் பயந்துகொண்டே வீட்டில் கேட்டிருக்கிறார். அவர் பெண்சாதி பரக்கத் பீவி, "தாராளமா கூட்டிட்டுப் போங்க. அந்த சீட்டு எப்பிடி இருக்கும்னு எனக்கும்தான் இன்ன வரைக்கும் தெரியாது" என்றாராம்.

மறுநாள் காலை அக்கா குளித்தாள். சோப்புப் போட்டு, மறுபடியும் சோப்புப் போட்டு, நல்ல தண்ணீரில் குளித்தாள். துவைத்த புடவை கட்டினாள். புறங்கையை மூக்கருகே கொண்டுபோய் மோந்து பார்த்ததை நான் பார்த்துவிட்டேன். எனக்கு மாமா மேல் வந்த ஆத்திரத்துக்கு, மனுஷன் உயிரோடு இருந்திருந்தால் அன்றைக்கு நல்ல வார்த்தை கேட்டிருப்பார்.

சித்திரை மாசம். ஏரி உள்வாங்கி, தரை வெளுத்துக் கிடந்தது. பாய் துணிக் கூரையை மடித்தார். அக்கா ஏறும்போது இவ்வளவு தாழ்வா என்று தடுமாறி, உட்கார்ந்து, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள். முகத்தை உம்மென்று வைத்திருந்தாள். ஊர் ஜனம் கரையில் நின்றது. நானும் நின்றேன்.

கார் முதலில் மெதுவாகப் போனது. அப்புறம் அதன் குரல் மாறியது. வெள்ளைத் தரையில் சிவப்பாக ஒரு புள்ளி, பின்னால் புழுதி. தூரத்தில் திரும்பியபோது பின்பக்கம் வழுக்கியது. அக்கா கத்துவது கேட்டது. பயந்துவிட்டாள் என்று நினைத்து நான் புடவையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். கார் திரும்பி எங்களை நோக்கி வந்தது. கொண்டை அவிழ்ந்து முடி பறக்க, இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு அக்கா சிரித்துக்கொண்டிருந்தாள். வாய்விட்டு, வெட்கமில்லாமல், தாவணி போட்ட வயசில் சிரித்த மாதிரி. மாமாவைக் கட்டிய பிறகு அந்தச் சிரிப்பை நான் கேட்டதேயில்லை. என் பக்கத்தில் நின்ற பெண்களும் சிரித்துவிட்டார்கள்.

"இன்னொரு தரம் பாய்!" என்றாள். இன்னொரு தரம் போனார்கள்.

இரண்டாம் தரம் திரும்பி வரும்போது சிரிப்பு இல்லை. கார் என் அருகே நின்றது. அக்கா இறங்காமல் முன்னால் வெறித்துக்கொண்டிருந்தாள். பாய் இறங்கி வந்து கதவைத் திறந்துவிட்டார்.

"இன்னாக்கா, தலை சுத்துதா?" என்றேன்.

"லோகா," என்றாள். "இவ்ளோ நல்லா இருக்கும்னு எனக்குத் தெரியாதுடி."

நான் கதவருகே குனிந்தேன்.

"முதுகுல கை வச்சித் தள்றா மாரி கீதுடி. அவுரு சொன்னது நெஜம்தான். பாவி மனுசன், இத்தினி சந்தோசத்த என் கண்ணு முன்னாடி வச்சிக்கினு, எனக்கு ஒரு வாயி குடுக்காம தின்னுட்டுப் போய்ட்டாரே." கருமாதியில்கூடச் சம்பிரதாயத்துக்குத்தான் அழுதாள். அன்று அந்த ஏரித் தரையில், ஊரே பார்க்க, கார் கதவைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

பாயின் கண்ணும் கலங்கிவிட்டது. "அவனச் சொல்லாத தங்கச்சி. அந்த சீட்டுல நான்தானே குந்தினு இருந்தேன். அன்னிக்கி டீக்கடையாண்ட பாதி எழுந்துட்டு குந்திட்டேன் பாரு, அது இன்னிக்கும் என்னிய அறுக்குது. அவன் இன்னா சொன்னாலும் நான் எறங்கி இருக்கணும்."

அக்கா அவரைச் சமாதானம் செய்யவில்லை. செய்ய வேண்டும் என்றும் எனக்குத் தோன்றவில்லை.

பாய் காருக்குள் கையை விட்டுச் சாவியை உருவிக்கொண்டார். "மெட்ராஸ்காரன் வந்தா நான் பேசிக்கறேன். வண்டி குடுக்கலன்னு சொல்லிடலாம். ஒரு நாள் வுட்டு ஒரு நாள் உன்ன இப்பிடி இட்டாறேன். எவன் இன்னா பேசறானோ பேசட்டும்."

அக்கா முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்தாள். அவிழ்ந்த முடியை முறுக்கிக் கட்டினாள்.

"வாணாம் பாய். அவன் எடுத்துனு போவட்டும்."

"ஏன் தங்கச்சி? நல்லாக் கீதுன்னு சொன்னியே."

"அதனாலதான். இத்தினி வருசம் தகர டப்பான்னு நெனச்சிக்கினு அதும்மேல கருவாடு காயவச்சேன். இனிமே அது வாசல்ல வந்து நின்னா, என்னால பாக்க முடியாது."

சொல்லிவிட்டு அவள் ஊரை நோக்கி நடந்தாள். பாய் காரில் ஏறவில்லை. சாவியைக் கையில் பிடித்துக்கொண்டு அந்த வெயிலில் அங்கேயே நின்றார். நான் அக்காவின் பின்னால் போனேன்.